மடுவுக்கு மேலே ஒரு வீடு

வேன் படியில் ஒரு காலை வைத்தபடி மாஸ்டர் என் முகத்தைப் பார்த்தது இப்போதும் நினைவிருக்கிறது. கண்ணமங்கலம் பேருந்து நிறுத்தம், விடிந்தும் விடியாத நேரம், டீக்கடையில் அப்போதுதான் பால் காய்ச்ச ஆரம்பித்திருந்தார்கள். மற்றவர்களுக்கெல்லாம் "வாங்க, ஏறுங்க" என்று வழிவிட்டவர், என்னிடம் மட்டும் பேரை இரண்டாவது தடவை கேட்டார். போனில் இடம் பிடித்தபோது கொடுத்திருந்த அதே பொய்ப் பெயரைச் சொன்னேன். "அப்படிங்களா" என்று சொல்லி, அரை நொடி அதிகமாக என்னைப் பார்த்துவிட்டு நகர்ந்துகொண்டார். கழுத்தில் விசில், வெளுத்துப்போன டிராக் பேண்ட், எண்ணெய் வைத்துப் படிய வாரிய நரைமுடி. இந்த ஆளுக்காகத்தான் அம்மா வீட்டைத் திறந்துவிடப் போகிறாளா என்று நினைத்துக்கொண்டே பின்சீட்டில் போய் உட்கார்ந்தேன்.

இன்ஷூரன்ஸ் கம்பெனி ஒன்றில் க்ளைம் விசாரிப்பது என் வேலை. தீப்பிடித்த கடை நிஜமாகவே தானாகப் பிடித்ததா, திருடுபோன லாரி நிஜமாகவே திருடுதான் போனதா என்று பார்த்து எழுதிக் கொடுக்க வேண்டும். சந்தேகப்படுவதற்குத்தான் எனக்குச் சம்பளம். ஒருவர் தன் நஷ்டத்தைச் சொல்லி அழும்போது, கண்ணீரை விட்டுவிட்டு அவர் கைகள் என்ன செய்கின்றன என்று பார்க்கப் பழகியவன். அப்படிப்பட்டவனிடம் ஒரு ஞாயிற்றுக்கிழமை அம்மா போனில், ரேஷன் அரிசி நன்றாக இருக்கிறது என்று சொல்கிற அதே குரலில், "மாஸ்டர் அடுத்த மாசத்துலேர்ந்து நம்ம வூட்லதான் இருப்பாரு. உன்கிட்ட சொல்லணும்ல, அதான் சொல்றேன்" என்றாள்.

அம்மா கிராம சுகாதார நர்ஸாக இருந்து ஓய்வு பெற்றவள். பாதி சர்வீஸ் ஜவ்வாது மலையில்தான். அங்கே பல வீடுகளில் முதல் குழந்தையைக் கையில் ஏந்தியவள் என்பதால் இன்றைக்கும் அவளுக்கு நர்ஸம்மா என்றுதான் பேர். அப்பா இறந்த பிறகு கண்ணமங்கலம் வீட்டில் தனியாக இருந்தாள். மலைமேல் அரசுப் பள்ளியில் உடற்பயிற்சி ஆசிரியராக இருந்த இந்த மாஸ்டர், ஓய்வுக்குப் பிறகு வார இறுதிகளில் ஒரு வேனை வைத்துக்கொண்டு வெளியூர்க்காரர்களை மலைக்குக் கூட்டிப் போனார். காலையில் பழைய கற்திட்டைகள், மத்தியானம் காட்டாற்று மடுவில் குளியல், இருட்டுவதற்குள் கீழே. பழைய பழக்கத்தில் அம்மாவும் இரண்டு மூன்று தடவை அந்த வேனில் போயிருக்கிறாள். அங்கே ஆரம்பித்தது. எனக்குத் தெரிந்தது அவ்வளவுதான். தெரியாததைக் கண்டுபிடிக்க எனக்குத் தெரிந்த ஒரே வழியில் இறங்கினேன்.

அமிர்தி தாண்டி மலைப்பாதை ஏறும்போதே அவரைக் கவனிக்க ஆரம்பித்துவிட்டேன். அடிக்கடி போன் வந்தது. வரும்போதெல்லாம் முகத்தைத் திருப்பிக்கொண்டு தாழ்ந்த குரலில் பேசினார். டிரைவர் சீட்டுக்குப் பின்னால் ஒரு துணிப்பை இருந்தது. யாராவது அதன்மேல் பையை வைத்தால் உடனே எழுந்து வந்து எடுத்து ஓரமாக வைத்தார். முன்சீட்டில் இருந்த ஒரு அம்மாள், "அதுல இன்னா சார் வெச்சிருக்கீங்க, தங்கமா?" என்று சிரித்தபோது அவரும் சிரித்தார். பதில் மட்டும் சொல்லவில்லை. கேள்விக்குப் பதிலாகச் சிரிப்பைக் கொடுக்கிறவர்களை எனக்கு நன்றாகத் தெரியும்.

கற்திட்டைகள் ஒரு சரிவில், புல்லுக்கும் பாறைக்கும் நடுவில் இருந்தன. பலகை பலகையாக நிறுத்திய கற்கள், மேலே ஒரு பெரிய மூடுகல், முன்பக்கத்தில் ஆள் ஊர்ந்து நுழையும் அளவுக்கு வட்டமாக வெட்டிய துளை. மலைக்காரர்கள் குள்ளர் வீடு என்பார்கள். குள்ளமான மனிதர்கள் வாழ்ந்து, ஒருநாள் நெருப்பு மழைக்குப் பயந்து இந்தக் கல் வீடுகளுக்குள் புகுந்துகொண்டதாகக் கதை. மாஸ்டர் அந்தக் கதையைச் சொன்னார். கூட்டத்தில் ஒருவர், இது இறந்தவர்களைப் புதைத்த இடமாமே என்று கேட்டதும், "அப்படியும் சொல்றாங்க சார். அவங்க சொல்றதையும் கேட்டுக்கங்க, இவங்க சொல்றதையும் கேட்டுக்கங்க" என்றார். எதிலும் பிடிகொடுக்காமல் பேசுகிறார் என்று மனதில் குறித்துக்கொண்டேன். துளைக்குள் தலையை விட்டுப் பார்த்தேன். வௌவால் எச்ச நாற்றம், குளிர்ச்சி, யாரோ தூக்கிப்போட்ட சிப்ஸ் பாக்கெட். வெளியே வந்தபோது அவர் என்னையே பார்த்துக்கொண்டு நின்றார்.

மடுவை நான் வேறு மனநிலையில் பார்த்திருந்தால் நெடுநாள் மறந்திருக்க மாட்டேன். அருவி விழுந்து, பாறைகளுக்கிடையே தேங்கி, பச்சைக் கண்ணாடிபோல நின்ற தண்ணீர். வெயிலில் வெந்துபோய் வந்தவர்கள் சத்தம் போட்டுக்கொண்டு இறங்கினார்கள். மாஸ்டர் இறங்கவில்லை. பாறைமேல் நின்று, இங்கே ஆழம், அங்கே வழுக்கும், வேட்டி சேலையோட நீந்தாதீங்க என்று விசிலும் கையுமாக இருந்தார். கொஞ்ச நேரத்தில் எல்லோரையும் கரையேற்றி, வேனில் கொண்டுவந்திருந்த புளிசாதத்தைப் பரிமாறச் சொன்னார். "சாப்பிட்ட உடனே யாரும் தண்ணியில எறங்கக் கூடாது. நான் வந்து விசில் அடிச்சாத்தான்" என்று சொல்லி, டிரைவரைக் காவலுக்கு வைத்துவிட்டு, அந்தத் துணிப்பையை எடுத்துக்கொண்டு மேலே ஏறிப் போனார்.

நான் இலையைக் கீழே வைத்துவிட்டு எழுந்தேன்.

ஒற்றையடிப் பாதை. இரண்டு பக்கமும் உண்ணிச்செடிப் புதர். அவர் திரும்பிப் பார்க்கவேயில்லை. பலாமரங்களைத் தாண்டியதும் ஒரு சின்ன ஓட்டு வீடு தெரிந்தது. வாசலில் பாயை விரித்துச் சாமை காயவைத்திருந்தார்கள். அவர் வயதை ஒத்த ஒரு பெண்மணி, காலை நீட்டிச் சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருந்தார். மாஸ்டர் எதிரே சம்மணமிட்டு உட்கார்ந்து, பையிலிருந்து எவர்சில்வர் தூக்கை எடுத்துத் திறந்தார். அந்த அம்மாள் ஒரு வாய் சாப்பிட்டுவிட்டுச் சொன்னது எனக்கு நன்றாகவே கேட்டது.

"இன்னிக்கும் உப்பு கம்மி."

"உனுக்கு எப்பத்தான் சரியா இருந்துச்சு?" என்றார் மாஸ்டர்.

அந்நியர்கள் இப்படிப் பேசிக்கொள்ள மாட்டார்கள். பல வருஷம் ஒரே அடுப்பில் சமைத்துச் சாப்பிட்டவர்கள்தான் பேசிக்கொள்வார்கள். புதருக்குப் பின்னால் நின்று போனில் படம் எடுத்தேன். எத்தனையோ க்ளைம்களில் கிடைக்காத அளவுக்குத் தெளிவான படம். இரண்டு பேர் முகமும் விழுந்திருந்தது. வெற்றி என்று சொல்ல வேண்டும். ஆனால் அம்மாவிடம் அதைக் காட்ட வேண்டுமே என்று நினைத்ததும் போனைப் பைக்குள் போட்டுக்கொண்டேன். என் சந்தேகம் சரியாகிப் போகக் கூடாது என்று நான் விரும்பிய ஒரே விசாரணை அதுவாகத்தான் இருக்கும்.

அவருக்கு முன்னால் கீழே இறங்கி வந்து உட்கார்ந்துகொண்டேன். அவர் வந்து விசில் அடித்தார், எல்லோரும் மறுபடி தண்ணீரில் இறங்கினார்கள். பிறகு மாஸ்டர் என் பக்கத்தில் வந்து நின்று, என் பேண்ட் முழுக்க ஒட்டியிருந்த புல்லைப் பார்த்தார்.

"மேல போனீங்களா சார்?"

"ஒண்ணுக்குப் போனேன்."

"அந்தப் பக்கம் அட்டை கெடக்கும். செருப்பைக் கழட்டி ஒருதபா பாத்துக்கங்க" என்று சொல்லிவிட்டு நகர்ந்தார். அதில் கிண்டல் இருந்ததா, மிரட்டல் இருந்ததா, அக்கறை இருந்ததா என்று திரும்பி வரும் வழி முழுக்க யோசித்துக்கொண்டு வந்தேன். செருப்பைக் கழற்றிப் பார்த்தேன் என்பதையும் சொல்லிவிடுகிறேன். ஒரு அட்டை இருந்தது.

கண்ணமங்கலத்தில் இறங்கும்போது நான்தான் கடைசி. படியில் கையை நீட்டி மறித்த மாதிரி நின்றார்.

"வூட்டுக்குத்தானே போறீங்க? நர்ஸம்மாவக் கேட்டேன்னு சொல்லுங்க."

"உங்க வூட்டுச் சுவத்துல மாட்டியிருக்கிற போட்டோல உங்களுக்கு மீசை இல்ல. அதான் அடையாளம் தெரியக் கொஞ்சம் நேரமாச்சு" என்றார். பிறகு, குரலைத் தாழ்த்தி, "நீங்க என்னைப் பாக்க வந்தீங்க. நானும் உங்களத்தான் பாத்துட்டு வர்றேன், காலையிலேர்ந்து. தனியா இருக்கிற அம்மாவைப் பாக்க வராத புள்ள, பொய்ப் பேரு சொல்லிட்டு இங்க எதுக்கு வர்றாருன்னு எனக்கும் தோணும் இல்லீங்களா?" என்றார். மரியாதை குறையாமல்தான் சொன்னார்.

அம்மா விளக்கேற்றிவிட்டு வாசலைப் பெருக்கிக்கொண்டிருந்தாள். என்னைப் பார்த்ததும் சந்தோஷப்பட்டாள், பிறகு என் பேண்டைப் பார்த்தாள். உள்ளே உட்காரவைத்து, நான் சேகரித்ததை வரிசையாகச் சொன்னேன். மலைமேல் அவருக்கு ஒரு வீடு இருக்கிறது, வீட்டில் ஒரு பெண் இருக்கிறார், பார்த்தால் மனைவி மாதிரி இருக்கிறது. போனை நீட்டினேன். அம்மா கண்ணாடியைத் தேடிப் போட்டுக்கொண்டு, இரண்டு விரலால் படத்தைப் பெரிதாக்கி, நிதானமாகப் பார்த்தாள்.

"தூக்கு மூடியத் தரையில கவுத்து வெச்சிருக்காரு பாரு. எறும்பு ஏறும்னு எத்தினி தபா சொல்றது" என்றாள்.

அது எங்கள் வீட்டுத் தூக்கு.

"அவ அவரோட பொண்டாட்டிதான்டா. இல்ல, பொண்டாட்டியா இருந்தவ. கோர்ட்டுல எப்பவோ தீந்துபோச்சு. அவகிட்ட கோவிச்சுக்கினு போனது இவருன்னு ஊர்ல சொல்லுவாங்க, அவதான் போனான்னு இவரு சொல்லுவாரு. இப்ப அவளுக்கு முட்டி மடங்கல. பாக்க ஆளில்ல. வாரத்துக்கு ஒருதபா நான்தான் கறிக்கொழம்பு கட்டிக் குடுக்கறேன். அவளுக்கு பிபி இருக்குது, அதான் உப்பு கம்மியாப் போடறேன்."

"உனக்கு ஒண்ணும் தோணலையாம்மா?"

"இன்னா தோணணும்?"

"சந்தேகம்."

அம்மா போனை என்னிடம் திருப்பிக் கொடுத்தாள். "ஏன் இல்லாம? நெறைய இருக்குது. போகாதன்னு சொன்னா திருட்டுத்தனமாப் போவாரு. நான் கட்டிக் குடுத்தா, தூக்கு திரும்பி வந்தாவணும்ல? தூக்கு வந்தா ஆளும் வந்தாவணும்."

நான் சிரித்துவிட்டேன். அவள் சிரிக்கவில்லை. அந்த வீட்டில் அன்றைக்கு என்னைவிடப் பெரிய விசாரணை அதிகாரி ஒருத்தி இருந்தாள். அவள் ஆளைப் பிடிக்கவோ விரட்டவோ விசாரிக்கவில்லை. பக்கத்தில் வைத்துக்கொள்வதற்காக விசாரித்துக்கொண்டிருந்தாள். சந்தேகத்தை வைத்துக்கொண்டு அப்படியும் செய்யலாம் என்பது எனக்கு அதுவரை தோன்றியதில்லை.

அடுத்த மாதம் மாஸ்டர் ஒரு டிரங்குப் பெட்டியோடும் இரண்டு ஜோடி கேன்வாஸ் ஷூக்களோடும் வந்து சேர்ந்தார். தெருவில் கொஞ்ச நாள் பேசினார்கள். நானும் அவரும் நண்பர்களாகிவிட்டோம் என்று சொன்னால் அது பொய். ஊருக்குப் போனால் எதிரெதிரே உட்கார்ந்து சாப்பிடுவோம். அவர் என்னை "சார்" என்றார், நான் அவரை "மாஸ்டர்" என்றேன். என்னைப் பேருந்து ஏற்றிவிட வரும்போதெல்லாம், "அடுத்து எப்ப வர்றீங்க?" என்று கேட்பார். அந்தக் கேள்விக்குள் ஒரு சோதனை இருந்தது. தேதி சொல்லாமல் தப்பிக்க முடியாது. சொன்ன தேதிக்கு வந்துவிடுவேன். பொய் சொன்னேன் என்று அவர் வாயால் இன்னொரு தடவை கேட்க எனக்கு மனமில்லை.

போன ஐப்பசி மழையில், காலைக் காபி குடித்த கையோடு நாற்காலியிலேயே போய்விட்டார் மாஸ்டர். மலையிலிருந்து பலபேர் வந்தார்கள், அவரிடம் ஓடக் கற்றுக்கொண்டவர்கள், இப்போது தலை நரைத்தவர்கள். வேன் டிரைவர் அந்த ஓட்டு வீட்டு அம்மாளையும் கைத்தாங்கலாக அழைத்து வந்தார். கூட்டம் விலகி, என்ன நடக்குமோ என்று பார்த்தது. நானும் பார்த்தேன். அம்மா எழுந்து போய் தன் பக்கத்தில் இடம்பண்ணி உட்காரவைத்தாள். இரண்டு பேரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொள்ளவில்லை.

காரியம் முடிந்ததும் அம்மா மலைக்குப் போக ஆரம்பித்தாள். முதலில் அந்த அம்மாளின் முட்டிக்கு மருந்து கொடுக்க என்றாள். பிறகு இரண்டு நாள் தங்கினாள், பிறகு ஒரு வாரம். இப்போது கண்ணமங்கலம் வீடு பூட்டித்தான் கிடக்கிறது. போன வாரம் நான் ஏறிப் போனபோது, மடுவில் யாரோ கும்பலாகக் குளித்துக்கொண்டிருந்தார்கள். விசில் அடிக்க ஆளில்லை. மேலே, ஓட்டு வீட்டு வாசலில், இரண்டு பேரும் சாமையைப் புடைத்துக்கொண்டே ஏதோ தர்க்கம் பண்ணிக்கொண்டிருந்தார்கள். என்னைக் கண்டதும் பேச்சை நிறுத்திவிட்டார்கள்.

திரும்பும்போது பலாமரம் வரை அம்மா கூட வந்தாள். அப்படி என்னதான் பேசுகிறீர்கள் என்று கேட்டேன்.

"அவரப் பத்தித்தான். அவகிட்ட சொன்ன கதை வேற, என்கிட்ட சொன்ன கதை வேற. கண்ணாலத்துக்கு முன்னால பட்டாளத்துல இருந்தேன்னு அவகிட்ட சொல்லியிருக்காரு. என்கிட்ட சொல்லும்போது பெங்களூர் மில்லுல இருந்தாராம். எதனா ஒண்ணு பொய்யி. ரெண்டு பேரும் உக்காந்து ஒண்ணொண்ணாப் பாத்துட்டு வர்றோம்."

"கண்டுபிடிச்சு இன்னாம்மா பண்ணப் போறீங்க?"

அம்மா முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள். வியர்வைதான் என்று நினைக்கிறேன்.

"சீக்கிரம் கண்டுபுடிச்சிட்டா அப்புறம் பேச இன்னாடா இருக்குது?" என்று சொல்லிவிட்டு, வாசலில் தனியாக உட்கார்ந்திருந்தவளை நோக்கி வேகமாக நடந்து போனாள்.