ஒற்றைக் கைக் கோட்டு

உலகத்தில் முதன்முதல் உடுப்புத் தைத்தவர்கள் ஆதாமும் ஏவாளும். அத்தியிலை, மட்டமான தையல். அதற்குப் பிறகு ஒழுங்காகத் தைத்தவர் அற்புதராணி அக்கா ஒருவர்தான். இடையில் வந்த ரெயிலர்மார் எல்லாரும் கிழிசல் பொத்தினவர்கள். இது என் அபிப்பிராயம் இல்லை. குருநகரில் எங்கள் ஒழுங்கையின் நடுவில் நின்று அக்காவே சொன்னது. சாலமோன் ராசாவின் அங்கி எப்படி என்று கேட்டால், தோள்மூட்டில் சுருக்கம் விழுந்திருக்கும் என்பார்.

கொழும்பில் ஒரு தையற்கடையில் அவர் வேலை செய்தவர். ரீவி வந்த புதிதில் அதில் ஆடிப்பாடிய பொப் பாட்டுக்காரருக்கு அந்தக் கடைதான் உடுப்புக் கொடுத்தது. யோசித்தவர், வெட்டியவர், தைத்தவர் இவர். நிகழ்ச்சி முடிந்து எழுத்து ஓடும்போது ‘உடையலங்காரம்’ என்று வந்த பேர் முதலாளியுடையது. முதலாளிக்கு ஊசியில் நூல் கோர்க்கவும் தெரியாதாம். அந்த எழுத்து ஓடிமுடியும் வரை பார்த்திருந்து, பிறகு எழும்பிப் போய் முற்றத்தில் துப்பிவிட்டு வருவேன் என்று அக்கா சொல்லுவார்.

எண்பத்துமூன்று ஆடிக் கலவரத்தில் கடை எரிந்தது. கப்பலில் காங்கேசன்துறைக்கு வந்து இறங்கியபோது, தையல் மிசினின் தலையைக் கழற்றிச் சீலையில் சுற்றி மார்போடு அணைத்திருந்தார். துறைமுகத்தில் நின்ற தொண்டர் பெடியன் அதைக் குழந்தை என்று நினைத்துப் பால்மா பைக்கற் ஒன்றை நீட்டினான். “பிள்ளை நித்திரை” என்று சொல்லி அக்கா வாங்கிக்கொண்டார். அந்தப் பால்மாவில் ஆவணி முடியும்வரை தேத்தண்ணி குடித்ததாகக் கேள்வி.

குருநகருக்கு அவரைப் பிடிக்கவில்லை. அவருக்கும் குருநகரைப் பிடிக்கவில்லை. இரண்டு பகுதிக்கும் இருந்த ஒரே ஒற்றுமை அதுதான். தோள் தெரிய ஆடுகிறவளவைக்குத் தைத்த கையால் பிள்ளைகள் நற்கருணை வாங்கப் போடுகிற முதல்நன்மைச் சட்டை தைக்கலாமோ என்று லூர்த்தம்மா மாமி தண்ணீர்க் குழாயடியில் கேட்டார். லூர்த்தம்மாவின் இடுப்பு அளவை அக்கா அதே குழாயடியில், நாடா பிடிக்காமலே, எல்லாருக்கும் அறிவித்தார். அதற்குப் பிறகு இரண்டு பேரும் ஒரே நேரத்தில் தண்ணீருக்கு வருவதில்லை.

ஆனால் வேறு நல்ல தையற்காரி இல்லாதபடியால் சனம் அவரிடம் போகத்தான் வேண்டியிருந்தது. போனால் பாடவும் வேண்டியிருந்தது. அக்கா ஒருவரையும் சும்மா நிற்கவைத்து அளவெடுப்பதில்லை. தொண்டை போகிற உயரத்துக்குப் பாடவேண்டும், கையைக் காலை ஆட்டவேண்டும். அப்போதுதான் நெஞ்சு எவ்வளவு விரியும், தோள் எங்கே ஏறும் என்று தெரியுமாம். “அசையாமல் நிக்கிற ஆளுக்கு அளவெடுக்கிறவன் சவப்பெட்டிக்காரன்” என்பார். முதல்நன்மைக்குப் போன சின்னப்பிள்ளைகளும் கத்திப் பாடித்தான் சட்டை வாங்கினார்கள். ஒழுங்கை நாய்கள் வீடு மாறிப் போய்ப் படுத்தன.

எண்பத்தாறில் எங்கள் சின்னக்கோயில் பெருநாள் உயிர்த்த ஞாயிறுக்கு அடுத்த கிழமை வந்தது. பெருநாளுக்குப் பாட்டு நிகழ்ச்சி. குழுவை நடத்தியவர் சிமியோன் அண்ணை. தலைமைப் பாடகர் தேவராசா அண்ணை. இவர் லூர்த்தம்மாவின் மகன், விடியப்புறம் மீன்சந்தையில் ஏலம் கூறுகிறவர். அவருக்குச் சிவப்புச் சற்றின் துணியில் மினுக்குப் பொட்டு வைத்த கோட்டு வேண்டும் என்று சிமியோன் கேட்டார். அக்கா கூலி கேட்கவில்லை. மேடையில், ஒலிபெருக்கியில், உடையலங்காரம் அற்புதராணி என்று சொல்லவேண்டும். அவ்வளவுதான்.

“பாப்பம்” என்றார் சிமியோன். அவருடைய ‘பாப்பம்’ எங்கே போய் முடியும் என்று ஊருக்குத் தெரியும். பிறகு வாசலில் நின்று இன்னொன்றும் சொன்னார். “பேர் சொன்னாப் பிறகு கோட்டுக் கிழிஞ்சால், கிழியிறது உன்ரை பேர்தான் ராணி.”

அளவெடுக்கத் தேவராசா வந்தது, உயிர்த்த ஞாயிறுக்கு முந்தின நாற்பது நாள் தபசுகாலத்தில். தபசுகாலத்தில் எங்கள் ஆட்கள் பொப் பாட்டுப் பாடமாட்டார்கள். ரேடியோவில் போனாலும் திருகி நிறுத்துவார்கள். மகன் வாயைத் திறந்தால் பங்குச் சுவாமியிடம் சொல்லுவேன் என்று லூர்த்தம்மா வேலிக்கு மேலால் தலையை நீட்டிக்கொண்டு நின்றார். அக்கா பாடச் சொன்னார். தேவராசா யோசித்துவிட்டு, அந்தக் காலத்துக்குப் பாடக்கூடிய ஒன்றைப் பாடினார். ஆண்டவர் பட்ட பாடுகளைச் சொல்லி அழுகிற பசாம். தோள் விழுந்து, நெஞ்சு உள்ளே போய், தலை கவிழ்ந்து. நல்லாய்த்தான் பாடினார். லூர்த்தம்மா வேலியிலேயே அழுதார்.

அக்கா நாடாவைச் சுருட்டி எறிந்தார். “அழுகிற மனிசனுக்குத்தான் இந்த அளவு. ஆடுகிற மனிசனுக்கு என்னத்தைத் தைக்கிறது?”

“தெரிஞ்சதைத் தையுங்கோ” என்று சொல்லிவிட்டுத் தேவராசா போய்விட்டார்.

பசாமுக்குத் தைத்த கோட்டைப் போட்டுக்கொண்டு அந்தாள் மேடையில் கையைத் தூக்கினால், முதுகு இரண்டாகும். ஒலிபெருக்கியில் சொன்ன பேர் அதோடு நாறும். பேர் வேண்டாம் என்று விட்டால் கொழும்பு முதலாளிக்கும் சிமியோனுக்கும் வித்தியாசம் இல்லை. அக்கா துணியை மடித்துவைத்துவிட்டு நாலைந்து நாள் ஒருவரோடும் சண்டை பிடிக்கவில்லை. ஊர் பயந்துபோனது.

பிறகு ஒரு விடியல் சந்தையில் தோன்றினார். மீன் வாங்க இல்லை. கூடைகளுக்குப் பின்னால், நாடாவைக் கழுத்தில் போட்டுக்கொண்டு, தேவராசாவின் முதுகைப் பார்த்தபடி நின்றார். ஏலம் கூறும்போது அந்தாளின் கை மேலே போகும். ஆனால் கடலுக்குப் போகத் தடை, மீன் குறைவு, ஏலமும் சோம்பல். கை இடுப்புக்கு மேலே எழும்பவில்லை.

அப்போது பெரிய அறக்குளா ஒன்று கூறலுக்கு வந்தது. பெண்கள் கூட்டத்துக்குள்ளிருந்து ஒரு கிழட்டுக் குரல் விலையை ஏற்றியது. மற்றப் பக்கம் நின்ற வியாபாரி ஏற்றினான். கிழட்டுக் குரல் விடவில்லை. “உந்த மீனுக்கு உவ்வளவுதானோ, கூறுறவருக்குத் தொண்டை கட்டிப்போச்சோ?” என்று ஒரு நக்கலும் சேர்த்தது. தேவராசாவுக்கு ரோசம் வந்துவிட்டது. இரண்டு கையும் தலைக்கு மேலே போக, நெஞ்சு பீப்பாய் மாதிரி விரிய, ஒருதரம், ரெண்டுதரம் என்று அவர் கத்தின கத்தலில் காகங்கள் எழும்பின. அக்காவின் கண் தோளில் இருந்து இடுப்புக்கும் இடுப்பில் இருந்து தோளுக்கும் போய்வந்தது. மூன்றுதரம் என்றதும் அக்கா திரும்பி நடந்துவிட்டார். கிழவியைத் தேடினால் ஆளில்லை. தேவராசா அந்தக் கிழவியின் ஏழு தலைமுறையையும் திட்டிவிட்டு மீனைத் திரும்பக் கூறினார்.

பெருநாளன்று பின்னேரமே நிகழ்ச்சியைத் தொடங்கினார்கள். கோட்டையில் இருக்கிற ஆமிக்காரர் ஷெல் அடிக்கத் தொடங்க முதல் முடிக்கவேண்டும். மேடைக்குப் பின்னால் தேவராசா கோட்டைப் போட்டார். சிவப்பு, மினுக்கு, எல்லாம் இருந்தது. வலது கை இல்லை. அது அக்காவின் மடியில் இருந்தது, ஊசி குத்தினபடி.

“பேரைச் சொல்லுங்கோ. கையைத் தாறன்.”

கடைசியில் சொல்லுறன் என்றார் சிமியோன். கடைசி எழுத்தெல்லாம் கொழும்பில் பார்த்தாச்சு என்றார் அக்கா. வெளியே பெடியள் விசிலடித்தார்கள். சுவாமி மணிக்கூட்டைப் பார்த்தார். சிமியோன் அக்காவைப் பேசாத பேச்சில்லை. அதில் பாதியை ஒலிபெருக்கி இழுத்து வெளியே விட்டது. இறுதியில் பல்லைக் கடித்துக்கொண்டு சொன்னார்: “உடையலங்காரம்... அற்புதராணி.”

ஒருவரும் கைதட்டவில்லை. லூர்த்தம்மா தொண்டையைச் செருமினார். அக்கா அதையெல்லாம் கேட்டமாதிரித் தெரியவில்லை. தேவராசாவின் தோளைப் பிடித்துக் கையை வைத்துத் தைத்தார். நூலைப் பல்லால் கடித்த பிறகும் அந்தத் தோளைக் கொஞ்ச நேரம் விடவில்லை.

முதல் பாட்டில் ஒன்றும் நடக்கவில்லை. இரண்டாவது பாட்டின் உச்சத்தில் தேவராசா இரண்டு கையையும் வானத்துக்கு எறிந்தார். சிமியோன் கண்ணை மூடினார். அக்குளுக்குள் வைத்துத் தைத்திருந்த பட்டை விரிந்து கொடுத்தது, கை இறங்க மடிந்து மறைந்தது. கடைசிப் பாட்டு வரை ஒரு நூல் விடவில்லை. அதற்காக ஊர் அவரை மன்னித்துவிட்டது என்று நினைக்கவேண்டாம். கோட்டுக்காரியின் திமிர் என்று அடுத்த நாள் குழாயடி முழுக்க அதே கதை.

நானும் குழாயடியில் நின்று நாலு கதை கூட்டித்தான் சொன்னேன். ஒன்பதாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவளுக்கு வேறு என்ன வேலை. திரும்பி வரும்போது அக்கா தன் படலையைத் திறந்து மறித்தார். தோளில் மிச்சச் சிவப்புத் துணி, கையில் நாடா.

“பாடு” என்றார்.

“எனக்கேன் சட்டை? நான் உங்கடை எதிர்ப்பகுதி.”

“தொண்டையை எந்தக் கிழவி மாதிரியும் மாத்தலாம், எடியே. மூச்சு எடுக்கிற இடத்தை மாத்தேலாது. போன வருசம் சட்டைக்கு நீ பாடேக்கை உன்னை அளந்தனான்.” நாடாவை என் முதுகில் வைத்தார். “தேவராசா இன்னும் கிழவியைத் தேடுறான். என்ரை அளவுக்காக அறக்குளாவுக்கு விலை ஏத்திப்போட்டு எடுக்காமல் ஓடினவள் நீதான் எண்டு நான் சொல்லட்டோ, இல்லாட்டிப் பாடுறியோ?”