சாமி வராத மல்லாரி

குறும்படம்தானே, அரை நாள் வேலை என்று நினைத்துத்தான் மைக்கும் ரெக்கார்டருமாக மாட வீதிக்குப் போனேன். நான் சவுண்ட் ரெக்கார்டிஸ்ட். கதை இவ்வளவுதான்: தெருவில் நாதஸ்வரம் கேட்கிறது, எல்லாரும் கைவேலையைப் போட்டுவிட்டு வெளியே வருகிறார்கள். டைரக்டர் சென்னைக்காரர்.

வாசிக்க வந்தவர் உள்ளூர் நாதஸ்வரக்காரர் வேலு அண்ணன். ஒரு கீர்த்தனைதான் பேசி வைத்திருந்தோம். ரோலிங் சொன்னதும் அவர் எடுத்தது மல்லாரி. சாமி புறப்பாட்டுக்கு வாசிப்பது! ஹெட்போனில் கேட்டதும் எனக்குப் பகீரென்றது.

நடிக்க நிறுத்தியிருந்த நாலு பேரை விடுங்கள், தெருவே தேங்காய் கற்பூரத்தோடு வாசலுக்கு வந்துவிட்டது. நாங்கள் நின்ற இடத்துக்கு எதிர்வீட்டு டெய்லர் கலாக்கா மெஷினை விட்டு எழுந்து, பக்கவாதத்தில் படுத்திருந்த வீட்டுக்காரரைப் பிளாஸ்டிக் நாற்காலியோடு இழுத்து வந்தார். அந்த மனிதர் ஒற்றைக் கையைத் தூக்கிக் கும்பிட்டபடி தெருமுனையையே பார்த்தார்.

"சாமி எங்கப்பா?" என்று கலாக்கா என்னைக் கேட்டார்.

"படம் எடுக்கறாங்கக்கா."

"அடப்பாவிங்களா! படுத்ததுலருந்து வாசப்படி தாண்டாத மனுஷன்டா. மோளம் கேட்டதும், 'என்னத் தூக்கு, சாமி பாக்கணும்'னாரு. இனிமே எப்படி நான் கூப்புடுவேன்?"

டைரக்டர் என் காதோரம், "கட் பண்ணாதீங்க சார், செமையா வருது" என்றார். வேலு அண்ணன் வாசிப்பதை நிறுத்தித் தலையில் அடித்துக்கொண்டார். "இந்தத் தெருவுல நின்னாலே விரலு தானா அதுக்குப் போய்டுதுங்க. இத்தினி வருஷப் பழக்கம், என்ன பண்ணட்டும்?"

சண்டை போட்டு அந்தக் காட்சியைப் படத்திலிருந்து எடுக்க வைத்தேன். எடுத்து என்ன புண்ணியம்?

அடுத்த உற்சவத்தில் அதே தெருவுக்கு நிஜமாகவே சாமி வந்தது. நானும் போயிருந்தேன். மல்லாரி கேட்டதும் கலாக்கா வீட்டுக்கு ஓடினேன். அவர் வீட்டுக்காரர் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்திருந்தார்.

"ஐயா, இன்னிக்கு நெஜமா சாமி வருதுங்க. நாற்காலில தூக்கட்டுமா?"

"போப்பா," என்றார் குழறலாக. "சினிமாக்காரனுங்க."

கலாக்கா கெஞ்சினார், அழுதார். மனிதர் அசையவில்லை. வாசலில் தீபாராதனை முடிந்து சாமி நகர்ந்துவிட்டது.

இந்தத் தொழிலுக்கு வருகிறவர்களே, தெருவில் கோயில் வாத்தியம் பதிவு செய்வதென்றால் முதலில் வீடு வீடாகப் போய்ச் சொல்லிவிடுங்கள். நான் இப்போது அப்படித்தான் செய்கிறேன். கலாக்கா வீட்டில் மட்டும் அவர் வீட்டுக்காரர் என்னை முந்திக்கொண்டு கேட்கிறார்: "இன்னிக்கும் சாமி இல்லதானே?"