கூட யாரு இருக்கா?

அன்று மாலை அந்த ஆஸ்பத்திரி வார்டில் இருந்தவர்களைச் சொல்கிறேன். முதல் கட்டிலில் நன்னிலத்து விவசாயி, கூட அவர் மனைவி, மச்சினன். அடுத்ததில் நாகூர் பாய், கூட அவர் மனைவி. மூன்றாவதில் நான்.

மறுநாள் எனக்குக் குடலிறக்க ஆபரேஷன். நர்ஸ் வந்தார்.

"உங்க கூட யாரு இருக்கா?"

"யாரும் இல்லைங்க."

"ஆள் இல்லாம தியேட்டருக்கு அனுப்ப மாட்டாங்க. ஆபரேஷன் தள்ளிப் போயிடும். யாருக்காவது போன் போடுங்க."

தஞ்சாவூர் அரிசி மண்டியில் மூட்டை தூக்குகிறேன். பல வருஷமாகத் தனி அறை. பக்கத்து அறைக்காரரின் செருப்பை அடையாளம் சொல்வேன். அவர் பேர் தெரியாது. போனைக் கையில் வைத்துக்கொண்டு சும்மா உட்கார்ந்திருந்தேன்.

பாயின் மனைவி குரல் கொடுத்தார்.

"நான் இருக்கேம்மா. தங்கச்சின்னு எழுதிக்குங்க."

"நீங்க பாய்க்குத்தானே வந்தீங்க?" என்றார் நர்ஸ்.

"பக்கத்துப் பக்கத்துக் கட்டில்தானே. எனக்குக் கண்ணு ரெண்டு இருக்குல்ல?"

பாய் சிரித்தார். "எழுதிடுங்க. இல்லன்னா என்னைத் தூங்க விடமாட்டா."

ஆபரேஷன் முடிந்து கண் விழித்தபோது பாயின் மனைவி என் பக்கத்தில் நின்றார். ஈரத்துணியால் உதட்டை நனைத்துவிட்டுக் கேட்டார்.

"அண்ணே, உங்க பேரு என்ன?"

சொன்னேன். தன் நம்பரை என் போனில் போட்டுக் கொடுத்தார்.

பேர் தெரியாமலே அவர் எனக்குத் தங்கச்சியாக நின்றார். நானோ, ஒரே சுவருக்கு அந்தப் பக்கம் இருந்தவரின் பேரைக்கூடக் கேட்காமல் இந்தப் பக்கம் படுத்திருந்தேன். அறைக்குத் திரும்பியதும் பக்கத்துக் கதவைத் தட்டினேன். பேர் கேட்டு, நம்பரும் வாங்கினேன்.

அவசரத்துக்குக் கூப்பிட எனக்கு இப்போது இரண்டு பேர்.