எம்மெட் க்ரூகர் கட்டிய மேடை

எம்மெட் க்ரூகரோடு ஒன்பது வருடம் தச்சு வேலை செய்தேன். ஒரே ரம்பத்தின் இரண்டு முனைகளை ஆளுக்கொன்றாகப் பிடித்திருக்கிறோம். அவருக்கு ஒரு மகள் இருப்பது எனக்குத் தெரியாது.

ஓஹியோ ஆற்றங்கரையில் எங்கள் மார்ட்டன்ஸ் லேண்டிங் நாலாயிரம் பேர் கொண்ட ஊர். யார் வீட்டுப் பன்றி குட்டி போட்டாலும் சாயங்காலத்துக்குள் எல்லோருக்கும் தெரிந்துவிடும். அப்படிப்பட்ட ஊரில், செங்கல் சூளைக்கு அப்பால் இருந்த அந்த வீட்டின் பின்னறையில், ஒரு பெண் பதினாறு வருடம் இருந்திருக்கிறாள்.

அவள் பெயர் ஐவா. ஆறு வயதில் இளம்பிள்ளை வாதம் வந்து இரண்டு கால்களும் செயலிழந்தன. அப்போது அவர்கள் வேறு ஊரில் இருந்தார்கள். சுகாதார அதிகாரி வீட்டுக் கதவில் தொற்றுநோய் நோட்டீஸ் அடித்தார். நோட்டீஸை எடுத்த பிறகும் எம்மெட் செய்த நாற்காலியைத் தொட்டுப் பார்க்கக்கூட ஆளில்லை. மனைவி லெட்டியையும் மகளையும் அழைத்துக்கொண்டு எங்கள் ஊருக்கு வந்தார். வந்த முதல் நாள் யாரோ கேட்டதற்கு, "பிள்ளை இல்லை" என்று சொல்லிவிட்டார். சொன்னதை அப்புறம் திரும்ப வாங்க முடியவில்லை.

1936 இலையுதிர் காலத்தில் ஜனாதிபதி ரூஸ்வெல்ட் தேர்தல் பிரசாரத்துக்கு எங்கள் ஊர் வழியாக வருகிறார் என்றார்கள். நாங்கள் மூன்று வருடம் வேலையில்லாமல் கிடந்தவர்கள். பள்ளிக்கூடத்துக்குக் கூரை போட்டது, பாலம் கட்டியது எல்லாம் அந்த மனிதர் கொண்டுவந்த நிவாரண வேலைகள்தான். எங்கள் அடுப்பு எரிந்தது அவரால். அதனால் மேடை கட்டும் வேலை எனக்கும் எம்மெட்டுக்கும் கிடைத்தபோது ஊரே பொறாமைப்பட்டது.

வாஷிங்டனிலிருந்து வந்த பாதுகாப்பு அதிகாரி விசித்திரமாக அளவு சொன்னார். படிக்கட்டு கூடாது, சரிவுப் பலகை வேண்டும். இருபுறமும் கைப்பிடி வேண்டும். பேசும் மேசையைத் தரையோடு சேர்த்து போல்ட் போட்டு முடுக்க வேண்டும்.

"எவ்வளவு கனம் தாங்கணும்?" என்று எம்மெட் கேட்டார்.

"ஒரு ஆளோட மொத்த கனத்தையும்."

"மேசை மேல ஏறியா நிக்கப் போறாரு?"

அதிகாரி சிரிக்கவில்லை. "கேள்வி கேக்காம வேலையப் பாருங்க. பார்த்ததை வெளிய பேசாதீங்க. ரெண்டு பேரும்தான்."

ஜனாதிபதிக்கு எப்போதோ இளம்பிள்ளை வாதம் வந்து குணமாகிவிட்டது என்றுதான் நாங்கள் எல்லோரும் நம்பியிருந்தோம். பத்திரிகைப் படங்களில் அவர் நிற்பார், சிரிப்பார்.

கூட்டத்தன்று எங்களை மைதானத்தின் கடைசியில் நிறுத்திவிட்டார்கள். குரல் மட்டும் கேட்டது. மறுநாள் காலையில் மேடையைப் பிரிக்கப் போனோம். நான் கைப்பிடியின் ஆணிகளைப் பிடுங்கிக்கொண்டிருந்தேன். திரும்பிப் பார்த்தால் எம்மெட் மண்டியிட்டு, பலகையை விரலால் தடவிக்கொண்டிருந்தார்.

"யோவ், என்னய்யா தொலைச்ச?"

பக்கத்தில் போனேன். புதுப் பைன் மரப் பலகையில் சரிவிலிருந்து மேசைவரை இரண்டு கோடுகள், பக்கம் பக்கமாக இழுபட்டிருந்தன. மேசைக்குப் பின்னால் குதிகால் அளவில் இரண்டு குழிகள். காலைத் தூக்கி வைத்த தடம் ஒன்றுகூட இல்லை.

"இது இரும்புச் சட்டம் போட்ட கால்," என்றார் எம்மெட். உதடு வெளுத்திருந்தது. "நடக்கல டெல்பர்ட். இடுப்பால வீசி வீசி வந்திருக்காரு. மேசையைப் பிடிச்சுக்கிட்டு ஒரு மணி நேரம் தொங்கியிருக்காரு."

"உனக்கு எப்படித் தெரியும்?"

"என் வீட்டு அடுக்களைத் தரை பூரா இதே கோடுதான். எனக்கு ஒரு பொண்ணு இருக்கா."

என் கையிலிருந்த சுத்தியல் கீழே விழுந்தது. ஜனாதிபதியின் கால்கள் எனக்கு மறந்தே போய்விட்டன. எந்தப் பொண்ணு, எங்கே, எத்தனை வருடமாக என்று உளறினேன். எம்மெட் பலகையின் மேலேயே உட்கார்ந்து வாய்விட்டு அழுதார். ஆறுதல் சொல்லத் தோன்றவில்லை. ஓங்கி அறையத்தான் தோன்றியது.

அடுத்த வாரம் வாக்காளர் பதிவுக்காக ஐவாவை நீதிமன்றத்துக்கு அழைத்து வந்தார். பதினோரு படிகள். கைகொடுக்கப் போன என்னை அவள் முறைத்தாள். ஒவ்வொரு படியிலும் அவள் காலில் கட்டியிருந்த இரும்பு கணீரென்று மோதியது. தெருவில் போனவர்கள் அப்படியே நின்றுவிட்டார்கள். பதிவு செய்யும் மிஸஸ் ஓட்டிஸ் பேனாவைக் கீழே வைத்தார்.

"யாரு எம்மெட் இது?"

"என் மகள்."

"எப்போலேர்ந்து?"

ஐவாதான் பதில் சொன்னாள். "இருபத்திரண்டு வருஷமா, மேடம். பேரை எழுதுங்க."

அதன்பின் அவளுக்குத் தொலைபேசி நிலையத்தில் வேலை கிடைத்தது. ஊர் முழுவதும் அவள் குரலுக்குப் பழகியது. சிலர் எம்மெட்டுக்கு வேலை கொடுப்பதை நிறுத்தினார்கள். காரணம் நோய் அல்ல, அவர் சொன்ன பொய். மேடையில் பார்த்ததை எம்மெட் வீட்டில் சொல்லவில்லை. நானும் சொல்லவில்லை. வெளியே விடச் சொல்லி வருடக்கணக்காகக் கெஞ்சிய தன் கண்ணீருக்கு மனமிரங்கித்தான் அப்பா மாறினார் என்று ஐவா நம்பினாள்.

1945 மார்ச்சில் ஒரு நாள் அவர்கள் வீட்டில் சாப்பிட்டுக்கொண்டிருந்தேன். பீன்ஸும் சோள ரொட்டியும். வானொலியில் ஜனாதிபதி நாடாளுமன்றத்தில் பேசினார். உட்கார்ந்து பேசுவதற்கு மன்னிக்கவும், கால்களில் பத்துப் பவுண்டு இரும்பைச் சுமப்பதைவிட இது எளிது என்றார். லெட்டி கரண்டியைக் கீழே போட்டாள். எம்மெட்டின் முகத்தில் மட்டும் ஆச்சரியமே இல்லை.

ஐவா அதைப் பார்த்துவிட்டாள். "உங்களுக்கு முன்னாடியே தெரியுமாப்பா?"

அவர் எல்லாவற்றையும் சொன்னார். அந்தக் கோடுகள், குழிகள் உட்பட.

"அப்போ நான் கெஞ்சினதுக்காக இல்ல," என்றாள் ஐவா. "பெரிய மனுஷனுக்கும் இப்படித்தான்னு தெரிஞ்ச பிறகுதான் நான் வெளிய வரலாம்னு உங்களுக்குத் தோணிச்சு. அவரு இந்தப் பக்கமே வராம போயிருந்தா?"

அதன்பின் ஆறு வாரம் அவள் அப்பாவோடு பேசவில்லை.

ஏப்ரல் பன்னிரண்டாம் தேதி சாயங்காலம் தொலைபேசி நிலையத்தில் அவள் முன்னால் இருந்த இணைப்புப் பலகையில் அத்தனை விளக்குகளும் ஒன்றாக எரிந்தன. ஜனாதிபதி இறந்துவிட்டார். கூப்பிட்டவர்கள் யாருக்கும் நம்பர் சொல்லத் தோன்றவில்லை. "நெஜமா, ஐவா?" என்று அவளிடமே கேட்டார்கள். நூறு பேருக்கு மேல் "ஆமாங்க" என்று சொல்லியிருக்கிறாள்.

வேலை முடிந்து அவளை வீட்டில் விட்டது நான்தான். லெட்டி படுத்துவிட்டாள்; எம்மெட் மட்டும் அடுக்களையில் இருட்டில் உட்கார்ந்திருந்தார். அவள் விளக்கைப் போட்டாள். இரும்புச் சட்டத்தின் கொக்கிகளைக் கழற்றிவிட்டு அவருக்கு எதிரே உட்கார்ந்தாள்.

"மன்னிச்சுட்டேன்னு நினைச்சுக்காதீங்க," என்றாள்.

"நினைக்கல."

"பசிக்குது. டெல்பர்ட்டையும் சேத்து மூணு பேருக்கு முட்டை பொரிங்க."

அவர் எழுந்து அடுப்பைப் பற்றவைத்தார். முதல் முட்டை தரையில் உடைந்தது. ஒருவரும் சிரிக்கவில்லை. அவர் இன்னொன்றை எடுத்தார்.