விதைக்கும் முன்னே விழுந்த பழி

மாவு மில்லில் வேலை பார்த்த அவளுக்கு ஊர் வைத்த பெயர் மோப்பம். பாலைக் காய்ச்சுவதற்கு முன் ஒரு தடவை முகர்வாள், காய்ச்சிய பின் இன்னொரு தடவை. அரைக்க வந்த தானியத்தைக் கைவிட்டு அளைந்துகொண்டே, கொண்டு வந்தவரின் முகத்தை ஏற இறங்கப் பார்ப்பாள். கல்யாணமான புதிதில் லாரி ஓட்டும் கணவன் ஆசையாக இனிப்பு வாங்கி வந்தான். "என்ன தப்பு பண்ணிட்டு வந்திருக்கீங்க?" என்று கேட்டாள். அன்று அவன் ஒரு தப்பும் பண்ணவில்லை. பண்ணியிருக்கலாமே என்று பிறகு நொந்துகொண்டானாம்.

அப்பேர்ப்பட்டவள் மீதே ஊர் சந்தேகப்பட்டது. அதுவும் அவள் இன்னும் செய்யாத திருட்டுக்காக.

அந்த ஊருக்கு நடுவே ஒரு புனித வயல் இருந்தது. அங்கே முதலில் அறுப்பு, அதற்குப் பிறகுதான் விதைப்பு. என்ன உளறல் என்று எழுந்து போய்விடாதீர்கள். இன்று தூவும் விதை காலத்துக்குள் பின்னோக்கிப் போய், போன வருடம் அறுத்துத் தின்ற பயிராக முளைத்துவிடும். இப்போது முளைப்பதோ, அடுத்த வருடம் ஒருவர் தூவப்போகிற விதை. ஊர் தலைமுறை தலைமுறையாக அப்படித்தான் நம்பியது, வயலும் மறுத்துப் பேசியதில்லை.

விதைக்கும் முறை வீடு வீடாக மாறி வரும். அறுக்கும் உரிமை மட்டும் ஒரே குடும்பத்துக்கு. அந்த அறுப்புக்காரருக்கு வெல்லம் கரையும் குரல். வயலைச் சுற்றி எப்போதும் படுதா கட்டியிருக்கும். கண் பட்டால் காலம் கூசும் என்பார். உள்ளே தனியாக அறுத்து, தானியத்தை ஊர்க் களஞ்சியத்தில் கொட்டுவார்.

அந்த வருடம் வழக்கத்தில் பாதிதான் கொட்டினார். ஊர் யோசித்தது. விளைச்சல் பாதி என்றால், விதை பாதி. அந்த விதையை அடுத்த வருடம் தூவும் முறை யாருக்கு? மோப்பத்துக்கு. அப்படியானால் அவள் பாதிக்கூடை விதையை அமுக்கப்போகிறாள். தீர்ந்தது விசாரணை.

மில் முதலாளி அவளைத் தானியத்தின் பக்கமே விடாமல் தரை கூட்ட வைத்தார். "விதைப்பு முடியட்டும்மா. நீ திருடலைன்னு தெரிஞ்சா வேலை. இல்லேன்னா வேற இடம் பாத்துக்கோ."

வீட்டிலும் அதே கதைதான்.

"அத்தை, நான் இன்னும் கூடையைத் தொடவே இல்ல."

"தொட்டாத்தானே தெரியும், நீ எப்படித் தொடுவேன்னு" என்றாள் மாமியார், சர்க்கரை டப்பாவை மடியில் வைத்துக்கொண்டு.

கேட்டுக் கேட்டு, அவளுக்கே தன்மேல் ஐயம் வந்துவிட்டது. தரை கூட்டும்போது யாரும் பார்க்காத நேரத்தில் தன் கையைத் தானே முகர்ந்து பார்த்தாள். வெறும் மாவு வாசம்தான்.

விதைப்பு நெருங்கியபோது அறுப்புக்காரர் வீடு தேடி வந்தார்.

"உன்னை நினைச்சா மனசு கேக்கலைம்மா. ஒரு நல்லது சொல்லவா? அரைக்கூடை மட்டும் தூவு. விளைஞ்சது பாதிதானே, நீ முழுசாத் தூவினா காலத்துக்குக் குழப்பமாயிடும்."

"ஊர் என்னைத் திருடின்னு சொல்லுமே, மாமா?"

"படுதாக்குள்ள யார் பாக்கப் போறா? நான் உன் பக்கம் பேசறேன்."

"மீதி விதை?"

"அதை நான் பாத்துக்கறேன்."

அவர் போனபின் அவர் உட்கார்ந்திருந்த நாற்காலியை அவள் முகர்ந்து பார்த்தாள்; பரண் தூசியும் தானியமும் கலந்த வாசம். ஊரே அவள் குறைத்துப் போடுவாள் என்று பயப்படுகிறது. நிறையப் போட்டுவிடுவாளோ என்று இந்த மனிதருக்கு மட்டும் என்ன பயம்?

விதைப்பு நாளில் வயலோரம் ஊரே கூடியிருந்தது. களஞ்சியத்தில் நிரப்பிக் கொடுத்த கூடையை இடுப்பில் வைத்துக்கொண்டு வந்த மோப்பம், முதல் வேலையாகப் படுதாவை இழுத்து அவிழ்த்தாள்.

"ஐயோ, கண் படும்!" என்று அலறினார் அறுப்புக்காரர்.

"படட்டும். நாளைக்குத் திருடின்னு சொல்லப்போற கண்ணுதானே? இன்னிக்கே பாத்துக்கட்டும்."

தூவினாள். கடைசி மணிவரை தூவி, கூடையைக் கவிழ்த்துத் தட்டிக் காட்டினாள். சரியான கேள்வி மாமியாரிடமிருந்துதான் வந்தது.

"இவ முழுசாத் தூவிட்டா. அப்போ போன வருஷம் முழுசா விளைஞ்சிருக்கு. மீதிப் பாதி எங்கே?"

எல்லாத் தலையும் ஒரே பக்கம் திரும்பியது.

"காலம்... கொஞ்சம் தின்னிருக்கும்" என்றார் அறுப்புக்காரர். அந்தக் குரலில் வெல்லம் தீர்ந்துபோயிருந்தது.

"காலத்துக்கு உங்க வீட்டுப் பரண்லயா சாப்பாடு?" என்றாள் மோப்பம்.

அவர் வீட்டுக்கு ஓடி, ஏணி வைத்துப் பரணில் ஏறியவர்கள் மூட்டை மூட்டையாக இறக்கி வயலோரம் கொண்டுவந்து போட்டார்கள். மில் முதலாளி அங்கேயே அவளைக் கூப்பிட்டு, காலையில் பழைய வேலைக்கு வரச் சொன்னார். ஊர் அதோடு நிற்காமல், இனி அறுக்கும் உரிமையும் உனக்கே என்று அரிவாளைக் கையில் கொடுத்தது. அவள் அதை வாங்கிப் பிடியை முகர்ந்தாள்.

"தனியா அறுக்க மாட்டேன். யாராவது பக்கத்துல நின்னு என்னையும் கவனிக்கணும்."

"அதுக்கு நான் இருக்கேன்" என்று மாமியார் அப்போதே ஒரு முக்காலியை வயலுக்குள் இழுத்துப் போட்டாள். அறுப்புக்கு இன்னும் மாதக்கணக்கில் நாள் இருந்தது.