நான்கு பாகம் நடித்த தங்கச்சி

நான் தொலைக்காட்சியில் நான்கு வாரம் வந்தேன். எழுபதுகளின் கடைசி வருஷங்கள் அவை. எனக்கு ஒன்பது வயது. பிரிக்ஃபீல்ட்ஸ் ரயில்வே குவார்ட்டர்ஸில் இருந்தோம். அப்பாவுக்குத் தண்டவாளம் பார்க்கும் வேலை. அது சிறுவர்களுக்கான தமிழ்த் தொடர், வாரத்துக்கு அரைமணி நேரம். ஒரு வீட்டில் மூன்று பிள்ளைகள். அதில் நான் கடைசி: இரட்டைப் பின்னல் போட்ட, வாய் ஓயாத தங்கச்சி.

வாய் ஓயாத என்று எழுதும்போது எனக்கே சிரிப்பு வருகிறது. வீட்டுக்கு வெளியே நான் பேசாத பிள்ளை. மளிகைக்கடைக்கு அனுப்பினால் அம்மா சீட்டு எழுதிக் கொடுப்பார். கடைக்காரர் சீட்டை வாங்கிக்கொண்டு, "வாயை வீட்டுல வச்சிட்டு வந்துட்டியா?" என்று கேட்பார். ஆனால் பாடப்புத்தகத்தைப் படிக்கச் சொன்னால் பக்கத்து வகுப்புக்குக் கேட்கும்படி படிப்பேன். யாரோ எழுதிவைத்த வார்த்தை என்றால் எனக்குப் பயம் வருவதில்லை. ஏன் என்று இன்றுவரை தெரியாது. நடிக்கப் பிள்ளைகளைத் தேடி எங்கள் பள்ளிக்கு ஆள் வந்தபோது டீச்சர் என்னை முன்னால் தள்ளியது அதனால்தான்.

பதில் வர மூன்று வாரம் ஆனது. அதற்குள் அம்மா யாரிடமும் சொல்லாமல் பத்துமலை முருகனுக்கு நேர்ந்துகொண்டார். பிள்ளைக்கு இடம் கிடைத்தால் வருகிற தைப்பூசத்தில் அவள் முடியை இறக்குவதாக.

இடம் கிடைத்தது. தயாரிப்பாளர் யாழ்ப்பாணத்துக் குடும்பத்துக்காரர். லண்டனில் சிறுவர் நிகழ்ச்சி எடுக்கப் பயிற்சி பெற்றவர். அங்கிள் என்று கூப்பிடுவோம். ஸ்டூடியோ தரையில் சாக்பீஸால் கோடு போட்டுவைப்பார். "கோட்டுல நில்லு. அண்ணனைப் பார்த்துப் பேசு. கேமரான்னு ஒண்ணு இருக்கிறதையே மறந்துடு." மறந்துவிட்டேன். சனிக்கிழமைகளில் அங்கே நான் கத்தினேன், கோள் சொன்னேன், சண்டை போட்டேன். அண்ணனாக நடித்த பையன் ஒருநாள் இடைவேளையில், "அம்மாடி! வீட்டுலயும் இப்படித்தானா நீ?" என்று கேட்டான். அதற்கு என்ன சொல்வது என்று எனக்குக் கொடுத்த தாளில் இல்லை. பிஸ்கட்டைக் கடித்துக்கொண்டு தரையைப் பார்த்தேன்.

சனிக்கிழமைக்காக வாரம் முழுக்கக் காத்திருந்தேன். என் குரலை நான் கேட்டது அங்கேதான்.

நான்கு பாகம் பதிவானது. ஐந்தாவதற்கு முன் தைப்பூசம் வந்தது. அதற்குச் சில நாள் முன்புதான் அம்மா நேர்த்தியைப் பற்றி வாயைத் திறந்தார்.

"அடுத்த வருஷம் இறக்கலாம்லா. நாடகம் ஓடிக்கிட்டு இருக்கே," என்றார் அப்பா.

"கேட்டதும் குடுத்தாரு. வாங்கிக்கிட்டு, அடுத்த வருஷம் வரேன்னு அவர்கிட்ட சொல்லச் சொல்றீங்களா?"

"டிவிக்காரங்ககிட்டயாவது ஒரு வார்த்தை சொல்லு."

"அவங்களும் சாமி கும்பிடுறவங்கதானே. நேர்லயே போய்ச் சொன்னா சந்தோஷப்படுவாங்க."

முருகன் விஷயத்தில் யார் என்ன பேச முடியும்?

பத்துமலையில் ஆற்றோரம் வரிசையாக உட்கார்ந்து முடி இறக்கினார்கள். எங்கள் முறை வந்தபோது அந்த ஆள், "மொட்டையா, பூமுடியா அக்கா?" என்று கேட்டார். பூமுடி என்றால் ஒரு கற்றையை மட்டும் வெட்டுவார்கள். பெண்பிள்ளைகளுக்குப் பல பேர் அதோடு விட்டுவிடுவார்கள்.

"மொட்டைதாண்ணே."

அவர் என் பின்னல்களைக் கையில் எடுத்துப் பார்த்தார். "இவ்வளவு முடி. என்ன பாப்பா, எடுத்துடலாமா?"

எனக்குத் தெரியும். முதல் பாகத்தில் இருக்கும் பின்னல் கடைசிப் பாகம்வரை அப்படியே இருக்க வேண்டும், ரிப்பன் நிறம்கூட மாறக்கூடாது என்று அங்கிள் பிள்ளைகளிடம் முதல் நாளே சொல்லியிருந்தார். அம்மா அப்போது வெளியே பெஞ்சில் இருந்தார். அதை அவரிடம் சொல்ல எனக்குச் சில நாள் இருந்தது. கடைசியில் அந்த ஆள் என்னிடமே கேட்டுவிட்டார். நான் தலையைக் குனிந்தேன். சரி என்று சொன்னதாக எடுத்துக்கொண்டு தண்ணீரை ஊற்றினார்.

சனிக்கிழமை மொட்டைத் தலையில் சந்தனம் பூசி, மேலே துணி கட்டி அம்மா என்னைக் கூட்டிப்போனார். அங்கிளிடம் முதலில் விபூதிப் பொட்டலத்தைக் கொடுத்தார். அவர் செருப்பைக் கழற்றிவிட்டு, கண்ணை மூடி நெற்றியில் பூசிக்கொண்டார். பிறகுதான் அம்மா துணியை அவிழ்த்தார்.

"என்னம்மா இது?"

"நேர்த்தி சார். இந்த நாடகத்துக்காகத்தான்."

அங்கிள் நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார். நெற்றியில் விபூதியோடு அவரால் திட்டவும் முடியவில்லை. மேக்கப் போடும் சீன ஆன்டி எங்கிருந்தோ பெரியவர்கள் வைக்கும் ஒரு டோப்பாவைக் கொண்டுவந்து, இரட்டைப் பின்னல் போட்டு மாட்டிப் பார்த்தார். "பெசார் லா, பெசார்," என்று தலையை ஆட்டினார். பெரிசுதான். ஊசி குத்தக்கூட என் தலையில் முடி இல்லை. நான் திரும்பினால் முகம் மட்டும் திரும்பியது, பின்னல்கள் அங்கேயே நின்றன. அண்ணன் விழுந்து விழுந்து சிரித்தான்.

"முடி வளரட்டும்மா. கூப்பிடுறோம்," என்றார் அங்கிள்.

ஐந்தாம் பாகத்தைப் பக்கத்து வீட்டில் பார்த்தோம். தங்கச்சி எங்கே என்று யாரோ கேட்க, "பினாங்குல அத்தை வீட்டுக்குப் போயிருக்கா," என்று அண்ணன் சொன்னான். அவ்வளவுதான் என் கதை. பக்கத்து வீட்டு அக்கா என்னைத் திரும்பிப் பார்த்து, "ஏய் மொட்டை, பினாங்குல இருந்து எங்களுக்கு என்ன வாங்கிட்டு வந்தே?" என்றார். எல்லாரும் சிரித்தார்கள். அம்மாவும் சிரித்தார். ஆனால் அம்மா ஒரு வாரமும் தவறாமல் பார்த்தார், நான் பினாங்கிலிருந்து திரும்பிவிடுவேன் என்பதுபோல. கடைசிப் பாகத்தில் அந்த வீட்டில் ஒரு தங்கச்சி இருந்ததே யாருக்கும் ஞாபகமில்லை.

முடி தோளுக்கு வர ஒரு வருஷத்துக்கு மேல் ஆனது. யாரும் கூப்பிடவில்லை. அம்மாவே எண்ணெய் வைத்து, இரண்டு பின்னல் போட்டு, பஸ் ஏற்றிக் கூட்டிப்போனார். அங்கிளை வானொலிக்கு மாற்றியிருந்தார்கள். அவர் இடத்தில் இருந்த இளைஞர் நல்லவராகத்தான் தெரிந்தார்.

"எங்க, ஏதாவது பேசிக்காட்டு."

"எதைப் பேசணும் சார்?" என்று அம்மா கேட்டார்.

"எதுன்னாலும் சரி. ஸ்கூல்ல என்ன நடந்துச்சு, வீட்டுல என்ன சமையல். சும்மா பேசு பாப்பா."

அவர் மேசையில் தாள்கள் கிடந்தன. அதில் ஒன்றை எடுத்துக் கொடுத்திருந்தால் படித்திருப்பேன். பழைய பேப்பர் என்றாலும் படித்திருப்பேன். ஆனால் அதைக் கேட்கவும் நான்தான் பேச வேண்டும்.

"நல்லா பேசுவா சார்," என்றார் அம்மா. "நாலு வாரம் பேசினா. நீங்களே பார்த்திருப்பீங்க."

"பார்க்கலம்மா. அப்ப நான் இங்க இல்ல."

திரும்பும்போது பஸ்ஸில் அம்மா, "ஏன்டி?" என்று ஒருமுறை கேட்டார். பிறகு ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார்.

பதினைந்து வயதில், மூன்றாம் படிவத்தோடு படிப்பை நிறுத்தினேன். கிள்ளானில் கையுறைத் தொழிற்சாலையில் வேலை கிடைத்தது. இயந்திர இரைச்சலில் அங்கே யாரும் யாரோடும் பேசுவதில்லை. எனக்கு அது ஒத்துப்போனது. முடி போனால் நாடகமும் போகும் என்று எனக்கு முன்பே தெரியும் என்பதை அம்மா சாகும்வரை அவரிடம் சொல்லவில்லை. நேர்த்தியில் தவறு இருந்ததாக அவர் ஒருநாளும் நினைக்கவில்லை. வீட்டுக்கு யார் வந்தாலும், "இவ டிவியில நடிச்சவ, தெரியுமா?" என்று ஆரம்பிப்பார். வந்தவர்கள் என் பக்கம் திரும்பி, நான் ஏதோ சொல்லப்போகிறேன் என்று காத்திருப்பார்கள். நான் எழுந்து தேத்தண்ணி கலக்கப் போய்விடுவேன்.