எடுத்துடு

எங்கள் சித்தப்பா சினிமாப் படம் ஒட்டுகிறவர். படச்சுருளை வேண்டிய இடத்தில் கத்தரித்து, பசை தடவி, துண்டோடு துண்டு சேர்ப்பது வேலை. தெருவில் அவருக்குப் பெயர் 'பசை'. பேச்சுக் கொடுத்தால் ஆளை லேசில் விடமாட்டார் என்பதும் ஒரு காரணம்.

அவருடைய முதலாளி சுதந்திரப் போராட்டத்தைச் செய்திப்படமாக எடுத்துக்கொண்டிருந்தார். ஒரு காலை போலீஸ் வந்து அவரைப் பிடித்துக்கொண்டு போனது. பாதிப் படியில் முதலாளி திரும்பிக் கத்தினார்:

"யப்பா பசை! ஊர்வலத்த எடுத்துடு!"

அவ்வளவுதான். வண்டி கிளம்பிவிட்டது.

சித்தப்பாவுக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. மறுநாள் இன்னொரு ஊர்வலம் இருந்தது. அதைப் படம் எடுக்கச் சொன்னாரா? மேசைமேல் கிடந்த போன வார ஊர்வலத்தைச் சுருளிலிருந்து எடுத்துவிடச் சொன்னாரா? தமிழில் இரண்டுக்கும் ஒரே சொல். நல்ல மொழி போங்கள்!

மேசைமேல் இருந்த ஊர்வலத்தில், முன்வரிசையில், கொடியோடு எங்கள் சித்தி. போலீஸ் பார்த்தால் சித்தியும் உள்ளே. வீட்டில் ஆறு மாதக் கைக்குழந்தை. சித்தி வரும் துண்டை மட்டும் கத்தரித்துப் பின்வாசலில் கொளுத்தினார். கண் சிமிட்டுவதற்குள் எரிந்துபோயிற்று. மற்றவர்கள் முகம் மட்டும் போலீஸுக்குத் தெரியாதா என்று பிற்பாடு கேட்டேன். "தெரியலையே," என்றார். அந்தச் சுருளைத் தேடி யாரும் வரவே இல்லை.

சுதந்திரம் வந்தது. சிறையிலிருந்து வந்த முதலாளியிடம், எந்த அர்த்தத்தில் சொன்னீர்கள் என்று சித்தப்பா கேட்டதற்கு, "நான் அப்படியா சொன்னேன்? ஞாபகமே இல்லியேப்பா" என்றாராம். எனக்கு இன்றும் ஆத்திரமாக வருகிறது.

படம் கொட்டகைக்கு வந்தபோது தெருவே திரண்டு போனது. "அதோ நம்ம தையக்காரரு! அதோ எங்கக்கா!" என்று ஒரே கூச்சல். சித்தி எழுந்து நின்று தேடினார். அவர் வரவேண்டிய இடத்தில் கூட்டம் ஒரு குதி குதித்து அடுத்த தெருவுக்குப் போய்விட்டது.

திரும்பும் வழியில் சித்தி கேட்டார்: "ஏங்க, அன்னிக்கு நானும் போனேன்தானே?"

"போனியே."

"அப்ப என்னை மட்டும் ஏன் எடுக்கல?"

"உன்னையும் எடுத்தாச்சு," என்றார் சித்தப்பா.

"பின்ன எங்க?"

பேச்சுக் கொடுத்தால் விடாத மனுஷர், அன்று சித்தியை விட்டுவிட்டு விறுவிறுவென்று முன்னால் நடந்தார்.